ஆர்ஸன் வெல்ஸின் ஸ்பெயின்

ஆர்ஸன் வெல்ஸ் என்றதும் சினிமா ஆர்வலர்களுக்கு இரண்டு விஷயங்கள் ஞாபகத்துக்கு வரும். ஒன்று, 1938 அக்டோபர் 30 இரவு ஒலிபரப்பான வானொலி நாடகம். செவ்வாய்க் கிரகத்தார் நியூ ஜெர்ஸியில் வந்து இறங்கிவிட்டதாகச் செய்தி அறிக்கை பாணியில் சொல்லிக் கேட்டவர்களில் பலரைக் கலங்க வைத்த நாடகம் அது. மற்றது, 1941ல் தன் 25வது வயதில் அவர் கொடுத்த 'ஸிடிஸன் கேன்'. இந்த இரண்டைப் பற்றியும் நிறைய எழுதியாகிவிட்டது. நான் எழுத நினைப்பது அவருடைய வாழ்க்கையில் அதிகம் பேசப்படாத ஒரு பக்கத்தைப் பற்றி. ஸ்பெயினைப் பற்றிய ஆவணப்படங்களில் அவர் இருந்த விதமும், அவற்றில் அவருடைய குரலுக்கு நேர்ந்ததும்தான் அது.

குரல் என்று குறிப்பிட்டுச் சொல்வதற்குக் காரணம் உண்டு. வெல்ஸின் முதல் சொத்து அவருடைய குரல்தான். இருபது வயதிலேயே நியூயார்க் வானொலி நிலையங்களுக்கு இடையே ஓடி ஓடிச் சம்பாதித்ததும், அந்தப் பணத்தைக் கொண்டுபோய் நாடகத்தில் கொட்டியதும் அந்தக் குரலை வைத்துத்தான். கடைசிக் காலத்தில் பட்டாணிக்கும் ஒயினுக்கும் விளம்பரம் பேசி வயிறு வளர்த்ததும் அதே குரலால்தான். அப்படிப்பட்ட குரல், அவர் மிகவும் நேசித்த ஒரு நாட்டைப் பற்றிய படங்களிலிருந்து இரண்டு முறை எடுத்து எறியப்பட்டிருக்கிறது.

* * *

வெல்ஸ் 1915 மே 6 அன்று அமெரிக்காவின் விஸ்கான்ஸின் மாநிலத்தில் கெனோஷா என்ற ஊரில் பிறந்தார். அம்மா பியானோ கலைஞர். ஒன்பது வயதில் அம்மாவை இழந்தார். பதினைந்து வயதில் அப்பாவும் போய்விட்டார். பதினாறாவது வயதில் தனியாக அயர்லாந்துக்குப் போய், டப்ளினில் கேட் தியேட்டரில் மேடை ஏறிவிட்டார். அதற்குப் பிறகு 1933ல் மொராக்கோ வழியாக ஸ்பெயினுக்குப் போனார். செவில் நகரத்தின் ட்ரியானா பகுதியில் தங்கிக்கொண்டு, அமெரிக்க மலிவுப் பத்திரிகைகளுக்குத் துப்பறியும் கதைகள் எழுதிப் பிழைத்ததாகவும், காளைச் சண்டைகூடப் பழகியதாகவும் பின்னாளில் சொல்லிக்கொண்டிருந்தார். அவருடைய வாழ்க்கையை எழுதியவர்கள் இதை முழுதாக நம்பவில்லை. வெல்ஸ் சொல்லும் கதைகளில் எப்போதுமே உப்பு ஒரு கல் கூடுதலாக இருக்கும். ஆனால் அந்தப் பதினெட்டு வயதுப் பயணம் அவரைவிட்டு இறங்கவே இல்லை என்பது மட்டும் உறுதி.

1936 ஜூலையில் ஸ்பெயினில் உள்நாட்டுப் போர் தொடங்கியது. தேர்தலில் வென்று வந்த குடியரசு அரசாங்கத்துக்கு எதிராக ஜெனரல் ஃப்ராங்கோ முதலானோர் ராணுவத்தைத் திருப்பினார்கள். ஹிட்லரும் முசோலினியும் அவர்களுக்கு ஆயுதமும் ஆளும் அனுப்பினார்கள். குடியரசுக்கு சோவியத் யூனியன் ஆயுதம் விற்றது, பல நாடுகளிலிருந்து தொண்டர்களும் போனார்கள். பிரிட்டனும் பிரான்ஸும் தலையிடுவதில்லை என்று ஒதுங்கிக்கொண்டன. அமெரிக்காவும் ஆயுதம் தர மறுத்தது. அமெரிக்க மக்கள் மனதைத் திருப்பவும், குடியரசுக்கு நிதி திரட்டவும் நியூயார்க் எழுத்தாளர்கள் சிலர் சேர்ந்து ஒரு ஆவணப்படத்துக்கு ஏற்பாடு செய்தார்கள். லில்லியன் ஹெல்மன், ஜான் டாஸ் பாஸோஸ், ஆர்ச்சிபால்ட் மக்லீஷ், எர்னஸ்ட் ஹெமிங்வே ஆகியோர் இதில் இருந்தார்கள். இயக்கியவர் ஹாலந்து நாட்டுக்காரரான ஜோரிஸ் ஈவன்ஸ். படத்தின் பெயர் 'ஸ்பானிஷ் எர்த்', அதாவது ஸ்பெயினின் மண்.

படம் இரண்டு இழைகளைப் பின்னிக்கொண்டு போகிறது. ஃபுவென்திதுவேன்யா என்ற கிராமத்தில் விவசாயிகள், பண்ணையார்கள் தரிசாகப் போட்டு வைத்திருந்த நிலத்துக்கு வாய்க்கால் வெட்டுகிறார்கள். விளைவது முற்றுகையில் இருக்கும் மாட்ரிட்டுக்குப் போக வேண்டும். அந்தப் பக்கம் மாட்ரிட்டைக் காக்கும் போர். தண்ணீர் வயலுக்கு வந்து சேருவதும், மாட்ரிட்டுக்குப் போகும் சாலை காப்பாற்றப்படுவதும் ஒரே போராட்டத்தின் இரண்டு முனைகள் என்று படம் சொல்கிறது. விவசாயத்தையும் யுத்தத்தையும் இவ்வளவு எளிமையாக இணைத்துக் காட்டிய படத்தை அதற்கு முன் நான் பார்த்ததில்லை.

இதற்கு வர்ணனை எழுதியவர் ஹெமிங்வே. படிக்க அழைக்கப்பட்டவர் இருபத்திரண்டு வயது வெல்ஸ். அவர் படித்துக் கொடுத்தார். 1937 ஜூலை 8 அன்று வெள்ளை மாளிகையில் ஜனாதிபதி ரூஸ்வெல்ட்டுக்கும் அவர் மனைவிக்கும் படம் போட்டுக் காட்டப்பட்டது. ஆனால் படத்தோடு சம்பந்தப்பட்டவர்களுக்கு வெல்ஸின் குரல் உறுத்தியது. மிகவும் மெருகாக இருக்கிறது, மேடை நடிகனின் குரலாக இருக்கிறது என்று பட்டிருக்கிறது. கடைசியில் அந்தக் குரலை எடுத்துவிட்டு, ஹெமிங்வேயையே படிக்க வைத்துப் படத்தை வெளியிட்டார்கள். பிரெஞ்சுப் பதிப்புக்கு ழான் ரென்வார் குரல் கொடுத்தார்.

ஒலிப்பதிவுக் கூடத்தில் தானும் ஹெமிங்வேயும் கைகலந்ததாகவும், பிறகு சேர்ந்து விஸ்கி குடித்ததாகவும் வெல்ஸ் பின்னாளில் சொன்ன கதை பிரசித்தம். மேலே சொன்ன உப்புக் கணக்கு இதற்கும் பொருந்தும்.

இரண்டு பதிப்புகளும் இன்று கிடைக்கின்றன. நான் முதுகலைப் படிப்பில் சிக்னல் ப்ராஸஸிங் படித்தவன், ஒலி என்றால் கொஞ்சம் கூடுதலாகவே காது கொடுப்பேன். ஒரே காட்சிக்கு இரண்டு குரல்களையும் மாற்றி மாற்றிக் கேட்டுப் பார்த்தேன். பயிற்சி என்று பார்த்தால் ஹெமிங்வே வெல்ஸுக்குப் பக்கத்தில்கூட வர முடியாது. தட்டையான குரல், ஏற்ற இறக்கம் கிடையாது. ஆனால் அந்தக் குரலுக்குச் சொந்தக்காரர் அந்த வருஷ வசந்தத்தில் மாட்ரிட்டில் இருந்தவர், படப்பிடிப்புக் குழுவோடு குண்டு விழும் இடங்களுக்குப் போனவர். வெல்ஸின் குரல் அழகாக இருக்கிறது, ஆனால் நியூயார்க்கில் இருக்கிறது. அடுத்தவர் துன்பத்தைப் பற்றிப் பேசும் உரிமை யாருக்கு என்ற கேள்வி அந்த அறையில் எழுந்திருக்கிறது. அதற்கு அவர்கள் சொன்ன பதில் சரிதான் என்றே எனக்குப் படுகிறது. வெளியூரில் உட்கார்ந்துகொண்டு, எங்கோ நடக்கும் போரைப் பற்றிச் சரளமாகப் பேசும் வழக்கம் நம்மில் பலருக்கு உண்டு. அதனாலேயே இந்தச் சம்பவம் என்னை விடாமல் பிடித்துக்கொண்டது.

1939 ஏப்ரல் முதல் தேதி போர் முடிந்தது. குடியரசு தோற்றது. ஃப்ராங்கோ 1975ல் சாகும்வரை ஆண்டார்.

* * *

ஹாலிவுட்டில் வெல்ஸின் வாழ்க்கை 'ஸிடிஸன் கேன்'க்குப் பிறகு இறங்குமுகம்தான். படங்கள் அவர் கையிலிருந்து பிடுங்கப்பட்டு வெட்டப்பட்டன. 1940களின் கடைசியில் ஐரோப்பாவுக்குக் கிளம்பிவிட்டார். அடுத்தவர் படங்களில் நடித்துக் காசு சேர்ப்பது, அந்தக் காசில் தன் படத்தைக் கொஞ்சம் எடுப்பது, காசு தீர்ந்ததும் நிறுத்துவது, திரும்பவும் நடிக்கப் போவது என்று ஒரு நாடோடி வாழ்க்கை. 1954ல் 'மிஸ்டர் அர்காடின்' படத்துக்காக ஸ்பெயினுக்கு வந்தார். செகோவியாவின் பழைய கோட்டை அந்தப் படத்தில் வருகிறது. அதில் நடித்த இத்தாலிய நடிகை பாவோலா மோரியை 1955 மே மாதம் லண்டனில் மணந்துகொண்டார். அந்த வருஷமே மகள் பியாட்ரிஸ் பிறந்தாள்.

1955ல்தான் பிரிட்டனில் தனியார் தொலைக்காட்சி ஆரம்பித்தது. அதற்காக வெல்ஸ் ஒரு பயணத் தொடர் செய்தார். அதில் இரண்டு பகுதிகள் பாஸ்க் மக்களைப் பற்றியவை. பிரான்ஸ் பக்கத்துக் கிராமம் ஒன்றில் கேமராவை வைத்துக்கொண்டு, ஸ்பானியரும் இல்லை, பிரெஞ்சுக்காரரும் இல்லை என்று வாழும் ஒரு ஜனத்தை நமக்கு அறிமுகப்படுத்துகிறார். கோயில் சுவரோடு சுவராக நிற்கும் பெலோட்டா பந்தாட்ட மைதானம், அதில் ஆடும் பையன்கள், பார்த்துக்கொண்டிருக்கும் கிழவர்கள். வெல்ஸ் தன் சொந்தக் குரலில், பக்கத்தில் உட்கார்ந்து பேசுகிற மாதிரி பேசுகிறார். எல்லைக்கு அந்தப் பக்கம் ஃப்ராங்கோவின் ஆட்சியில் பாஸ்க் மொழிக்குப் பள்ளிக்கூடத்தில் இடம் கிடையாது. அதையும் மனதில் வைத்துக்கொண்டு பார்த்தால், இந்த இரண்டு அரைமணி நேரப் படங்களின் கனம் கூடுகிறது. அதே தொடரில் மாட்ரிட் காளைச் சண்டையைப் பற்றியும் ஒரு பகுதி உண்டு. அதன் முற்பகுதியை விமர்சகர் கென்னத் டைனனும் அவர் மனைவி எலைன் டண்டியும் நடத்துகிறார்கள். நாயகர் பிற்பாடுதான் வந்து சேர்கிறார். வெல்ஸோடு வேலை செய்தவர்களுக்கு இது புதிது அல்ல.

இதற்குள் அவருக்கு ஒரு பெரிய பைத்தியம் பிடித்திருந்தது. அதன் பெயர் டான் கிஹோத்தே. ஸெர்வான்டஸின் வீரனும் அவன் சேவகன் ஸாஞ்சோவும் இருபதாம் நூற்றாண்டு ஸ்பெயினில் திரிந்தால் எப்படி இருக்கும் என்பது அவருடைய கற்பனை. 1957ல் மெக்சிகோவில் படப்பிடிப்பு தொடங்கியது. கிஹோத்தேயாக நடித்த ஃபிரான்ஸிஸ்கோ ரெய்கேரா ஸ்பானியர், குடியரசு தோற்றபின் மெக்சிகோவில் அடைக்கலம் புகுந்தவர். ஸாஞ்சோவாக அகிம் டாமிராஃப். தயாரிப்பாளர் என்று நிலையாக ஒருவர் கிடையாது. பணம் வெல்ஸின் சட்டைப் பையிலிருந்து வர வேண்டும்.

அந்தப் பணத்துக்காக ஒப்புக்கொண்டதுதான் இத்தாலிய அரசுத் தொலைக்காட்சியான ராய் நிறுவனத்துக்குச் செய்த 'டான் கிஹோத்தேயின் நாட்டில்' என்ற தொடர். 1961ல் படம் பிடித்து 1964ல் ஒளிபரப்பானது. மொத்தம் ஒன்பது பகுதிகள், ஒவ்வொன்றும் சுமார் அரை மணி நேரம். வெல்ஸ், மனைவி, சின்னப் பெண் பியாட்ரிஸ் மூன்று பேரும் காரில் ஸ்பெயினைச் சுற்றுகிறார்கள். ஆந்தலூசியா, புனிதத் தலங்கள், பாம்ப்லோனாவின் ஸான் ஃபெர்மின் திருவிழா, தெருவில் காளைகளை விரட்டும் ஓட்டம், ஹெரெஸ் ஊரின் ஒயின் கிடங்குகள், செவில், அங்கே ஏப்ரலில் நடக்கும் சந்தைத் திருவிழா, ஃபிளமெங்கோ, ரோமானியரும் மூர்களும் விட்டுப்போன கட்டடங்கள். சினிமா மேதையின் படம் என்று நினைத்துக்கொண்டு உட்கார்ந்தால் ஏமாற்றம்தான் மிஞ்சும். நம் வீட்டு ஹேண்டிகாமில் எடுத்த சுற்றுலாப் பதிவு மாதிரி பாதி இடங்களில் இருக்கிறது. வெல்ஸ் சுருட்டும் கையுமாக எதையாவது பார்த்துக்கொண்டு நிற்கிறார், அவ்வளவுதான்.

ஆனால் கொஞ்ச நேரம் பொறுமையாகப் பார்த்தால் வேறு ஒன்று பிடிபடுகிறது. 1961ன் ஸ்பெயின் இரண்டு காலங்களுக்கு நடுவில் நின்ற நாடு. 1959ல் ஃப்ராங்கோ அரசு பொருளாதாரக் கதவுகளைத் திறந்துவிட்டிருந்தது. சுற்றுலாப் பயணிகள் லட்சக் கணக்கில் வந்துகொண்டிருந்தார்கள். கடற்கரை ஊர்கள் ஹோட்டல் நகரங்களாக மாறிக்கொண்டிருந்தன. கிராமத்து ஜனங்கள் பிழைப்புக்காக மாட்ரிட்டுக்கும் பார்ஸலோனாவுக்கும், ஜெர்மனிக்கும் ஸ்விட்சர்லாந்துக்கும் போய்க்கொண்டிருந்தார்கள். கழுதை வண்டியும் காரும் ஒரே சாலையில் போன அந்தக் காலத்தை, பெரிய நோக்கம் எதுவும் இல்லாமல், அந்தக் கேமரா பிடித்து வைத்திருக்கிறது.

இதற்கு வர்ணனை பேசியது வெல்ஸ் இல்லை. அவருடைய இத்தாலிய உச்சரிப்பு ராய்க்காரர்களுக்குப் பிடிக்கவில்லை. அர்னால்டோ ஃபோவா என்ற இத்தாலிய நடிகரைப் பேச வைத்துவிட்டார்கள். ஒன்பது பகுதிகளிலும் வெல்ஸ் வருகிறார், நடக்கிறார், சிரிக்கிறார். பேசுவது இன்னொருவர். 1937ல் ஸ்பெயினின் போரைப் பார்க்காமல் பேசினார், அந்தக் குரல் நீக்கப்பட்டது. 1961ல் ஸ்பெயினுக்குள்ளேயே சுற்றிப் பார்த்தார், அப்போதும் குரல் இல்லை.

இந்த மௌனத்துக்கு ராய் நிறுவனம் மட்டும்தான் காரணமா? இங்கே வெல்ஸின் ரசிகனாக இருந்துகொண்டு நான் நழுவிவிடக் கூடாது. ஒன்பது தலைப்புகளில் ஒன்றுகூட 1936ஐத் தொடவில்லை. திருவிழா இருக்கிறது, தேவாலயம் இருக்கிறது, ஒயின் இருக்கிறது. அந்த வருஷங்களில் சுற்றுலா வளர்க்க ஃப்ராங்கோ அரசு உலகத்துக்குக் காட்ட விரும்பிய ஸ்பெயினும் ஏறக்குறைய இதுவேதான். குடியரசுக்கு நிதி திரட்டும் படத்துக்குக் குரல் கொடுத்த இளைஞன், நாற்பத்தைந்து தாண்டியபின் அந்தக் குடியரசை வீழ்த்தியவரின் நாட்டில் வீடு வைத்துக்கொண்டு, அனுமதி வாங்கிப் படம் எடுத்துக்கொண்டிருக்கிறான். ஹெமிங்வேயும் 1950களில் ஸ்பெயினுக்குத் திரும்பி வந்து காளைச் சண்டை பார்த்தவர்தான். ஒரு நாட்டின் மேல் உள்ள பிரியத்தையும் அதன் ஆட்சியின் மேல் உள்ள வெறுப்பையும் தனித்தனியாக வைத்துக்கொள்ள முடியும் என்று இருவரும் நினைத்திருக்கலாம். முடியும்தான். ஆனால் அதற்கு ஒரு விலை உண்டு. சில விஷயங்களைப் பற்றி வாயைத் திறக்கக் கூடாது.

* * *

வெல்ஸுக்காக வாதாட ஒரே ஒரு சாட்சியை மட்டும் கூப்பிடுவேன். அது ஆவணப்படம் இல்லை, கதைப் படம். 1964, 65ல் ஸ்பெயினில் எடுத்த 'சைம்ஸ் அட் மிட்நைட்'. ஷேக்ஸ்பியரின் ஃபால்ஸ்டாஃப் பாத்திரத்தை வைத்துச் செய்த படம். ஸ்பானியத் தயாரிப்பாளர் எமிலியானோ பியேத்ராவின் பணம். கார்தோனா கோட்டையும் ஆவிலா நகரத்து மதில்களும் இங்கிலாந்தாக மாறின. அதில் வரும் ஷ்ரூஸ்பரி போர்க்காட்சியை வெல்ஸ் மாட்ரிட்டின் ஓரத்தில் உள்ள காஸா தெ காம்போ பூங்காவில் எடுத்தார். சுமார் 180 துணை நடிகர்களை வைத்துக்கொண்டு ஆயிரக் கணக்கானவர்கள் மோதுவதுபோலக் காட்டினார். குதிரைகளும் கொடிகளுமாகக் கம்பீரமாக ஆரம்பிக்கும் சண்டை, கடைசியில் சேற்றில் புரண்டு ஒருவரையொருவர் அடித்துச் சாகும் மனிதர்களாக முடிகிறது. யார் எந்தப் பக்கம் என்றே தெரியாது.

காஸா தெ காம்போ 1936 நவம்பரில் மாட்ரிட் முற்றுகையின் போர்முனை. ஃப்ராங்கோவின் படை அந்த வழியாகத்தான் நகரத்துக்குள் நுழையப் பார்த்தது. போர் முடியும்வரை அங்கே பதுங்கு குழிகள் இருந்தன. ஒரே நாட்டு ஜனங்கள் ஒருவரையொருவர் கொன்றுகொண்ட அதே மண்ணில், இருபத்தெட்டு வருஷம் கழித்து, இன்னொரு நாட்டின் உள்நாட்டுப் போரை வெல்ஸ் நடத்திக் காட்டியிருக்கிறார். இதை யோசித்துச் செய்தாரா, மாட்ரிட்டுக்குப் பக்கத்தில் வசதியாகக் கிடைத்த இடம் என்று செய்தாரா என்பது எனக்கு முக்கியமாகப் படவில்லை. 'ஸ்பானிஷ் எர்த்' பார்த்த கையோடு இந்தப் போர்க்காட்சியைப் பார்ப்பவர்களுக்கு இரண்டும் ஒட்டிக்கொண்டுவிடும். அந்தப் படத்தில் ஃபால்ஸ்டாஃப் அவரேதான், குரலும் அவருடையதுதான். யாரும் அதை எடுக்கவில்லை.

அதே 1960களில் அமெரிக்க ஆவணப்படக்காரர்களான மேஸல்ஸ் சகோதரர்கள் ஸ்பெயினில் வெல்ஸை வைத்துப் பத்து நிமிஷக் குறும்படம் ஒன்று எடுத்தார்கள். காளைச் சண்டை வீரன் ஒருவன் பின்னால் அலையும் வயதான சினிமா இயக்குநரைப் பற்றி ஒரு படம் எடுக்கப் போவதாகச் சொல்லி, பணம் போடக் கூடியவர்களிடம் பேசுகிறார் வெல்ஸ். இந்த முறை குரல் தாராளமாக இருக்கிறது. பணம்தான் வரவில்லை. அந்தக் கதை உருமாறி 'தி அதர் ஸைட் ஆஃப் தி விண்ட்' ஆயிற்று. 1970களில் எடுத்த அந்தப் படம் முழுமையாகி வெளிவந்தது 2018ல்.

1970ல் மாட்ரிட்டில் இருந்த அவருடைய வீட்டில் தீப்பிடித்து, கையெழுத்துப் பிரதிகளும் பழைய படச்சுருள்களும் போயின. கிஹோத்தே படம் முடியவே இல்லை. ரெய்கேரா 1969ல் இறந்தார், டாமிராஃப் 1972ல். நடிகர்கள் போனபிறகும் வெல்ஸ் படத்தொகுப்பு செய்துகொண்டே இருந்தார். 1985 அக்டோபர் 10 அன்று லாஸ் ஏஞ்சல்ஸில் அவர் உயிர் பிரிந்தது. வயது எழுபது.

1992ல் செவில் உலகக் கண்காட்சியை ஒட்டி, மிச்சமிருந்த சுருள்களை ஜெஸ் ஃப்ராங்கோ என்ற ஸ்பானிய இயக்குநர் ஒட்டித் தைத்து ஒரு 'டான் கிஹோத்தே'யை வெளியிட்டார். சர்வாதிகாரியின் பெயர்தானே தவிர இவர் வேறு ஆள். 'சைம்ஸ் அட் மிட்நைட்' படத்தில் வெல்ஸிடம் இரண்டாம் குழு இயக்குநராக வேலை பார்த்தவர். காட்சிகள் போதாத இடங்களில் அவர் எடுத்துச் சொருகியது எதைத் தெரியுமா? இத்தாலியத் தொலைக்காட்சிக்குக் காசுக்காகச் செய்த அந்தப் பயணத் தொடரின் துண்டுகளை. கிஹோத்தேயும் வெல்ஸே பேசி, ஸாஞ்சோவும் வெல்ஸே பேசி வைத்திருந்த பகுதிகள் கொஞ்சம்தான் இருந்தன, மற்றதை வேறு ஆட்களை வைத்து ஒப்பேற்றினார்கள். விமர்சகர்கள் அந்தப் படத்தைப் போட்டுக் கிழித்தார்கள், நியாயமாகத்தான். ஆனால் எனக்கு அதில் ஒரு விஷயம் தோன்றியது. பெரிய படத்துக்குச் சோறு போடுவதற்காக எடுத்த சின்னப் படம், கடைசியில் பெரிய படத்தின் ஓட்டையை அடைக்க வந்து நிற்கிறது. முழுதாக நமக்குக் கிடைத்திருப்பதும் சின்னதுதான்.

வெல்ஸின் அஸ்தியை 1987 மே மாதம் ஸ்பெயினுக்குக் கொண்டுவந்தார்கள். ரோந்தா ஊருக்கு வெளியே, காளைச் சண்டை வீரர் அன்தோனியோ ஒர்தோன்யெஸின் தோட்டத்தில், ஒரு பழைய கிணற்றில் வைத்து மூடினார்கள். ஒர்தோன்யெஸ் வெல்ஸின் நண்பர். ஹெமிங்வேக்கும் நண்பர். அவருடைய அப்பாவைப் பார்த்துத்தான் ஹெமிங்வே தன் முதல் பெரிய நாவலின் காளைச் சண்டை வீரனைப் படைத்தார். ரோந்தாவில் இன்று வெல்ஸ் பெயரிலும் ஹெமிங்வே பெயரிலும் நடைபாதைகள் இருக்கின்றன.

வாய்ப்புக் கிடைத்தால் நண்பர்கள் முதலில் பாஸ்க் பகுதிகளைப் பார்க்க வேண்டும். சுலபமாகக் கிடைக்கிறது, வெல்ஸின் குரலும் இருக்கிறது. அதன்பிறகு 'ஸ்பானிஷ் எர்த்' படத்தின் இரண்டு பதிப்புகளையும் அடுத்தடுத்துக் கேளுங்கள். எந்தக் குரல் உங்களுக்குச் சரியாகப் படுகிறது என்று தெரிந்துகொள்ள ஆசையாக இருக்கிறது.